முதல் அடி வில்லனுடையது: ஷெக் கின் என்ற துணை நடிகரின் தொழில்

1956-ஆம் ஆண்டில் மட்டும் அடிமுறை ஆசான் வோங் ஃபெய்-ஹுங்கின் கதைப் படங்கள் 25 ஹாங்காங்கில் வெளிவந்தன. கணக்குப் போட்டால் இரண்டு வாரத்துக்கு ஒன்று. குருநாதர் வேடம் குவான் தக்-ஹிங்குக்கு. அவருக்கு எதிரே நிற்கும் வில்லன் பெரும்பாலும் ஷெக் கின். போன படத்தில் தோற்று மண்ணைக் கவ்விய அதே முகம், சில வாரம் கழித்து வேறு பெயர், வேறு அடியாட்கள், வேறு ஆயுதத்தோடு வந்து மறுபடியும் கடைத்தெருவைக் கலக்கும். டிக்கெட் வாங்கியவர்களுக்கு முடிவு தெரியும். வில்லன் யார் என்பதும் தெரியும். தெரிந்தேதான் போனார்கள்.

நாயகனும் முடிவும் மாறாத ஒரு தொடரில், ஒவ்வொரு படத்தையும் புதிதாக்கும் வேலை யார் தலையில் விழுந்தது? இந்த ஆய்வின் கேள்வி அதுதான். வில்லன் தலையில் என்பது எங்கள் முடிவு. போஸ்டரில் பெயர் சிறிதாகப் போடப்பட்ட ஆள், கதையின் பாரத்தில் பெரும்பங்கைச் சுமந்தார். 1940 முதல் 1994 வரை நீண்ட அவருடைய தொழிலைப் பகுதி பகுதியாகப் பிரித்துப் பார்த்தால் இது விளங்கும்.

பெயரை முதலில் தெளிவாக்கிக்கொள்ளலாம். ஆங்கில டைட்டில்களில் ஷி கியென் என்று மாண்டரின் உச்சரிப்பில் போட்டிருப்பார்கள். ஹாங்காங் மக்கள் வாயில் அவர் ஷெக் கின். இயற்பெயர் ஷெக் விங்-செயுங். 1913 ஜனவரி 1 அன்று பிறந்தவர். குடும்பத்தின் பூர்வீகம் தென்சீனாவின் குவாங்டொங் மாகாணத்துப் பான்யூ.

கையில் இருந்த இரண்டு வித்தைகள்

சினிமாவுக்கு வரும்போது அவரிடம் இரண்டு தொழில்கள் இருந்தன. ஒன்று சண்டை. ஷாங்காயில் 1910-இல் தொடங்கிய ஜிங்வூ சங்கத்தில் ஒன்பது ஆண்டு பயின்றவர். கழுகு நகம், சோய் லீ ஃபட் ஆகிய அடிமுறைகளில் பயிற்றுநர் தகுதி பெற்ற முதல் அணியில் இருந்தவர் என்று அவரைக் குறிப்பிடுவார்கள். இரண்டாவது ஒப்பனை. ஸ்டூடியோவுக்குள் அவர் நுழைந்ததே மேக்கப் உதவியாளராகத்தான். 1940-இல் முதல் வேடம் கிடைத்தது. ஜப்பானிய உளவாளி. ஜப்பானியப் படை குவாங்டொங்கின் பல பகுதிகளைப் பிடித்துவைத்திருந்த நேரத்தில் ஹாங்காங் ரசிகனுக்கு அதைவிட வெறுப்பூட்டும் வேடம் இருக்க முடியாது. முதல் நாளிலிருந்தே அவர் எதிர்ப்பக்கத்து ஆள்.

அடுத்த ஆண்டே எல்லாம் நின்றது. 1941 டிசம்பர் 25 அன்று ஹாங்காங் ஜப்பானியரிடம் சரணடைந்தது. 1945 ஆகஸ்ட் வரை ஆக்கிரமிப்பு. சினிமாக்காரர்கள் பலர் சீனாவின் உள்நாட்டுக்குச் சிதறினார்கள். போர் முடிந்ததும், ஹாங்காங் மக்கள் பேசும் கன்டோனீஸ் மொழியில் படத் தயாரிப்பு உடனே எழுந்துவிடவில்லை. 1947 வாக்கில்தான் மறுபடி சூடு பிடித்தது. அப்போது வந்த படங்களில் பாட்டுப் படமும் மாயாஜாலமும் மலிந்திருந்தன. தரம் விழுந்துவிட்டது என்று சினிமாக்காரர்களே கூடி, 1949 ஏப்ரலில் கன்டோனீஸ் சினிமாவைச் சுத்தப்படுத்தும் இயக்கம் ஒன்றை அறிவித்தார்கள். மக்களுக்குக் கேடு செய்யும் படங்களில் வேலை செய்ய மாட்டோம் என்று கையெழுத்திட்டார்கள். அடுத்து வந்த வோங் ஃபெய்-ஹுங் படங்கள் அவ்வளவு நீதி போதித்ததற்கு இந்தச் சூழலும் ஒரு காரணம்.

1949: நிஜ அடி திரைக்கு வருகிறது

இயக்குநர் வூ பாங், 1949 அக்டோபரில் வோங் ஃபெய்-ஹுங் கதையை இரண்டு பாகமாக வெளியிட்டார். நாயகன் கற்பனை ஆள் அல்ல. ஃபோஷானில் பிறந்து, குவாங்சோவில் போ சி லாம் என்ற வைத்தியசாலை நடத்தி, ஹுங் அடிமுறை கற்பித்து, 1920-களின் நடுவில் இறந்துபோன மனிதர். படம் வந்தபோது அவரை நேரில் பார்த்தவர்கள், அவருடைய மாணவரின் மாணவர்கள் எல்லாம் ஹாங்காங்கில் உயிரோடு இருந்தார்கள். அந்தப் பரம்பரையில் மூன்றாம் தலைமுறையான லாவ் சாம் இந்தத் தொடரில் நடித்தவர். அவருடைய மகன் லாவ் கார்-லியுங் இதே படங்களில் துணை ஆளாகவும் சண்டை ஆளாகவும் தேறி, பின்னாளில் பெரிய சண்டை இயக்குநர் ஆனார்.

அதுவரை கன்டோனீஸ் படத்துச் சண்டை என்பது மேடை இசைநாடகத்திலிருந்து வந்தது. சுழற்சி, குட்டிக்கரணம், கொடி, தாளம். வீச்சும் தடுப்பும் நடனம்போல இருக்கும். வூ பாங் கேட்டது தெற்குச் சீன அடிமுறையை அப்படியே காட்டும் சண்டை. ஹாங்காங் ரசிகர்கள் இதற்கு வைத்த பெயர் ‘கடினப் பாலம், கடினக் குதிரை’. பாலம் என்றால் முன்கை. குதிரை என்றால் கால் நிலை. முன்கை முன்கையோடு நிஜமாக மோத வேண்டும், கால் தரையில் வேர்விட்டு நிற்க வேண்டும் என்று பொருள்.

ஷெக் கின்னுக்கு வேலை கிடைத்தது இந்த மாற்றத்தால்தான். முகபாவம் தெரிந்த வில்லன்கள் ஊரில் நிறையப் பேர். அடிமுறை தெரிந்தவர்களும் நிறையப் பேர். இரண்டும் ஒரே ஆளிடம் இருப்பது அரிது. குவான் தக்-ஹிங் இசைநாடக நடிகர், வெள்ளைக் கொக்கு அடிமுறை தெரிந்தவர். 1949-இல் அவருக்கு வயது 44, ஷெக் கின்னுக்கு 36. டூப் இல்லாமல், வெட்டாமல், முழு உடம்பும் தெரிய நின்று ஆடக்கூடிய ஜோடி அமைந்தது.

கதையை ஓட்டுபவர் யார்

இந்தத் தொடரின் பொறியமைப்பே வேறு. வோங் ஃபெய்-ஹுங் படத்து நாயகனுக்கு ஒரு கட்டுப்பாடு உண்டு: முதல் அடி அவருடையதாக இருக்கவே கூடாது. அடிமுறை கற்றவன் பொறுமை காக்க வேண்டும், வம்புக்குப் போகக் கூடாது, வென்றாலும் கொல்லக் கூடாது. சீடர்கள் துடிப்பார்கள், குரு தடுப்பார். பெரியவர்களைக் கூப்பிட்டுச் சமாதானம் பேசுவார், வில்லனுக்கே புத்தி சொல்வார். தன் சீடன் மேல் தப்பு இருந்தால் எதிரி வீட்டுக்குப் போய் மன்னிப்புக் கேட்கவும் தயங்க மாட்டார்.

திரைக்கதை எழுதுகிறவருக்கு இது பெரிய தலைவலி. நாயகன் எதையும் தொடங்க மாட்டார் என்றால் கதை எப்படி நகரும்? வில்லன் நகர்த்த வேண்டும். ஆக, ஷெக் கின்னின் வேலை கடைசிச் சண்டையில் தோற்பது மட்டுமல்ல. முதல் ரீலில் புதுச் சண்டைப்பள்ளி திறந்து கடைக்காரர்களிடம் மாமூல் கேட்பார். இரண்டாவது ரீலில் ஏழைப் பெண்ணைத் தூக்கிப்போக ஆள் அனுப்புவார். அதைத் தடுத்த சீடனை ஆள் வைத்து அடிப்பார். குரு பேச வந்தால் சிரித்து அனுப்பிவிட்டு, சிங்க நடனப் போட்டியில் சூழ்ச்சி செய்வார். ஒவ்வொரு கட்டத்திலும் குருவின் பொறுமைக்கு ஒரு முடிச்சு கூடுதலாக விழும். கடைசியில் அவர் கை ஓங்கும்போது, அடிப்பதைத் தவிர வேறு வழி எதுவும் மிச்சமில்லை என்று அரங்கில் உள்ள ஒவ்வொருவருக்கும் தோன்ற வேண்டும். அந்தத் தோற்றத்தை உண்டாக்கும் பொறுப்பு முழுவதும் வில்லனுடையது.

இதில் அளவு தவறினால் படம் கெடும். கொடுமை குறைந்தால், குரு அடிப்பது அதிகப்படியாகத் தெரியும். கொடுமை மிஞ்சினால், கடைசியில் குரு அவனை மன்னித்து விடுவதை யாரும் ஒப்ப மாட்டார்கள். பல படங்களில் வில்லன் திருந்துகிறான் அல்லவா! அவன் திருந்துவதை நம்பவைக்க, தொடக்கத்திலேயே அவனுக்குள் ஏதோ ஒரு மனிதத் துணுக்கைக் காட்டியாக வேண்டும். அடிமுறையில் அவனுக்கு உண்மையான பெருமை இருக்க வேண்டும். ஷெக் கின்னின் வில்லன்கள் கோழைகளாக இருப்பது குறைவு. தன் வித்தையில் கர்வம் கொண்ட ஆசான்கள் அவர்கள். அந்தக் கர்வம்தான் திருந்துவதற்குக் கதவு. அவருடைய திறமையில் இதைத்தான் முதலில் வைப்போம். சண்டை அடுத்தது.

அடி வாங்கும் கலை

இனி சண்டை வேலை. அந்நாள் கேமரா பெரும்பாலும் தள்ளி நிற்கும். இருவரின் தலை முதல் கால் வரை சட்டகத்துக்குள் இருக்கும். வெட்டு குறைவு. நாள் குறைவு, ஃபிலிம் விலை அதிகம் என்பதால் டேக் மேல் டேக் போக முடியாது. அசைவு வரிசை முழுவதையும் இருவரும் மனப்பாடமாக வைத்திருந்து ஒரே மூச்சில் ஆட வேண்டும். நடுவில் ஒருவர் ஓர் அசைவை மறந்தால் அந்த ஷாட் முழுக்க வீண்.

தூரத்து ஷாட்டில் எது தெரியும், எது தெரியாது என்பது முக்கியம். ஹுங் அடிமுறை தாழ்ந்த நிலை, நெருங்கிய குத்து, இறுகிய முன்கை. அருகில் பார்க்க அழகு. தள்ளி நின்று பார்த்தால் சிறு அசைவுகள் மங்கிவிடும். சோய் லீ ஃபட் அப்படி அல்ல. தோளிலிருந்து முழுக் கையும் சக்கரம்போல் சுழன்று வரும். கடைசி வரிசை ரசிகனுக்கும் அடி எங்கிருந்து புறப்பட்டு எங்கே போகிறது என்று தெரியும். வில்லன் பெரிய வட்டம் போடுகிறான், குரு சிறிய கோட்டில் உள்ளே நுழைகிறார். இந்த வேறுபாடே கண்ணுக்குக் கதை சொல்லிவிடும்: ஒருவன் வலிமையைச் செலவழிக்கிறான், ஒருவர் சேமிக்கிறார். கழுகு நகத்தின் பயன் வேறு. விரல்கள் வளைந்து மணிக்கட்டையோ தொண்டையையோ பற்றும்போது கை ஒரு முகம்போல ஆகிவிடும். நெருங்கிய ஷாட்டுக்கு அது தீனி.

அடி வாங்குவதுதான் இதில் கடினமான பகுதி. வெளியே யாரும் பாராட்டாத பகுதியும் அதுவே. குத்து முகத்துக்குச் சற்றுத் தள்ளிப் போகும். கேமரா அந்த இடைவெளியைப் பார்க்காத கோணத்தில் இருக்கும். அடிபட்டவன் தலையைத் திருப்பும் நொடியில்தான் குத்து ‘விழும்’. நொடிக்கு 24 பிரேம். இரண்டு மூன்று பிரேம் முன்னதாகத் திரும்பினால் பொய் தெரிந்துவிடும். பிந்தினால் நிஜமாகவே படும். பலர் செய்யும் தவறு, தலையை மட்டும் திருப்புவது. குத்தின் விசை கழுத்தில் தொடங்கி, தோள், இடுப்பு, குதிகால் என்று இறங்கி, பின்காலில் போய் முடிய வேண்டும். கால்நிலை கற்றவனுக்குத்தான் அந்த நிலை குலைவதைச் சரியாகக் காட்டத் தெரியும். நாயகனின் கை எவ்வளவு கனம் என்பதை ரசிகன் அளப்பது நாயகனின் கையை வைத்து அல்ல. வில்லனின் பின்காலை வைத்து.

கண் இன்னொரு கருவி. அடி வருமுன் ஒரு கணம் அந்த அடியை வில்லன் பார்க்க வேண்டும். பார்த்தும் தப்ப முடியவில்லை என்றால் நாயகன் வேகமானவர். பார்க்கவே இல்லை என்றால் வில்லன் ஏமாளி. ஷெக் கின் பெரும்பாலும் பார்த்துவிட்டே அடி வாங்குவார்.

வயதும் இங்கே சேர்த்துப் பார்க்க வேண்டிய விஷயம். 1956-இல் குவானுக்கு 51. 1960-களின் கடைசியில் தொடர் மறுபடி தொடங்கியபோது அறுபதைத் தாண்டிவிட்டார். நாயகனின் வேகம் குறையக் குறைய, அந்த வேகம் குறையவில்லை என்று காட்டும் சுமை எதிராளி உடம்புக்கு மாறும். ஷெக் கின் எட்டு வயது இளையவர் என்பது அந்த ஜோடி இருபது ஆண்டுக்கு மேல் நீடித்ததற்கு ஒரு காரணம் என்றே நினைக்கிறோம்.

ஏழு நாள் படமும் முன்பணமும்

இவ்வளவு படம் எப்படி எடுத்தார்கள் என்றால், பணம் புரண்ட விதத்தைப் பார்க்க வேண்டும். ‘பட மலர்’ என்று பொருள்படும் ஒரு முறை அன்றைய கன்டோனீஸ் சினிமாவில் வழக்கம். தயாரிப்பாளர் கையில் சொந்த முதல் சிறிதளவே இருக்கும். தலைப்பையும் நட்சத்திரப் பெயர்களையும் காட்டி சிங்கப்பூர், மலாயா, வியட்நாம் முதலிய ஏரியாக்களின் வினியோகஸ்தர்களிடம் அட்வான்ஸ் வாங்குவார். அந்தப் பணத்தில் பெரிய பங்கு நாயகன், நாயகி சம்பளத்துக்குப் போகும். மிச்சத்தில் படம் முடிய வேண்டும். அதனால் வேகம். அவசரமாக எடுத்த படங்களுக்கு ‘ஏழு நாள் புதுசு’ என்று பெயர் வைத்தார்கள். அன்று பிடித்த மீனைச் சொல்வதுபோல. 1950-களில் இப்படி ஆயிரத்து ஐந்நூறுக்கும் மேற்பட்ட கன்டோனீஸ் படங்கள் வந்தன.

துணை நடிகருக்கு இதில் இரண்டு விளைவு. சம்பளம் படத்துக்குப் படம் சிறியது, ஆகவே எண்ணிக்கையில்தான் பிழைப்பு. ஒரே காலத்தில் இரண்டு மூன்று படங்களுக்குக் கால்ஷீட் கொடுத்து, செட்டிலிருந்து செட்டுக்கு ஓட வேண்டும். அடுத்தது, யாருக்கும் சொல்லிக்கொடுக்க நேரமில்லை. வேடம் என்ன என்று கேட்டு, உட்கார்ந்து மீசை ஒட்டிக்கொண்டு, புருவத்தை ஏற்றி வரைந்து, அசைவு வரிசையை ஒருமுறை நடந்து பார்த்து, கேமரா முன் நின்றுவிடக்கூடிய ஆள்தான் தயாரிப்பாளருக்கு லாபம். மேக்கப் அறையில் தொழில் தொடங்கியது ஷெக் கின்னுக்கு இங்கே கைகொடுத்தது. அதே முகத்தைச் சில வாரத்தில் வேறு முகமாகக் காட்டும் கைப்பழக்கம் அவருக்குப் பழையது.

இந்த முறையின் பழுதும் இதிலேயே இருந்தது. முன்பணம் பெயருக்குத்தான் வருகிறது, கதைக்கு அல்ல. ஒரு ஜோடி ஓடினால் அதே ஜோடியைக் கேட்பார்கள், அலுக்கும் வரை கேட்பார்கள். 1956-இல் 25 படம் என்பது வெற்றி. சரக்கு குவிந்துவிட்டதற்கு அறிகுறியும் அதுதான். 1960-களின் தொடக்கத்தில் தொடர் ஓய்ந்தது. 1967-இல்தான் மறுபடி எழுந்தது.

‘கான் யான் கின்’

கான் யான் என்றால் கன்டோனீஸில் கெட்டவன், துரோகி. அதோடு அவர் பெயரைச் சேர்த்து ‘கான் யான் கின்’ என்று ஊரே கூப்பிட்டது. படத்தில் அவர் வந்து நின்றாலே போதும், இவன் தப்பான ஆள் என்று அறிமுகக் காட்சி இல்லாமலே குழந்தைக்கும் தெரிந்துவிடும். தயாரிப்பாளருக்கு இது ஒரு ரீல் மிச்சம். நடிகருக்கு நல்ல வேடங்களின் கதவு அடைபட்டது என்று சொல்வதும் உண்மை. ஆனால் அவர் தொழிலின் இரண்டாம் பாதியைப் பார்த்தால், அந்தப் பட்டப்பெயர் வட்டி போட்டுத் திரும்பி வந்ததும் தெரியும்.

அவருடைய முத்திரை சிரிப்பு. தொண்டையின் ஆழத்திலிருந்து, தலையைப் பின்னால் சாய்த்து, நிதானமாக ஏறும் சிரிப்பு. ஹாங்காங்கில் பல தலைமுறை மிமிக்ரிக்காரர்களுக்கு அது பாடம். இந்தச் சிரிப்பைக் கொஞ்சம் ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

1960-களின் நடுவில் வந்த மாய வாள் படங்களிலும் அவர் இருந்தார். உள்ளங்கையிலிருந்து ஒளி கிளம்பும், வாள் தானாகப் பறக்கும்; அவற்றை ஃபிலிமின் மேலேயே கையால் வரைந்து சேர்த்தார்கள். நிஜ அடிமுறைக்கு இங்கே அதிகம் வேலையில்லை. கையை நீட்டிக்கொண்டு, இன்னும் வரையப்படாத ஒளியைத் தாங்குவதுபோல் நடுங்க வேண்டும். அடி வாங்கிப் பழகிய உடம்புக்கு, இல்லாத அடியை வாங்குவது பெரிய கஷ்டமில்லை.

சரிவு

கன்டோனீஸ் சினிமா விழுந்த வேகம் இன்றும் மலைக்க வைக்கும். ஷா சகோதரர்கள் என்ற பெரிய ஸ்டூடியோக்காரர்கள் மாண்டரின் மொழியில், வண்ணத்தில், அகன்ற திரையில் வாள் படங்கள் எடுத்தார்கள். கன்டோனீஸ் படங்கள் பெரும்பாலும் கறுப்பு வெள்ளையிலேயே நின்றன. 1967 நவம்பரில் டிவிபி தொலைக்காட்சி நிலையம் இலவச ஒளிபரப்பைத் தொடங்கியது. தாய்மொழியில் பேசும் முகங்களை வீட்டிலேயே பார்க்க முடிந்தபோது, அதே மொழியில் அவசரமாக எடுத்த படத்துக்கு டிக்கெட் வாங்க ஆள் குறைந்தது. 1972-இல் ஒரு கன்டோனீஸ் படம்கூட வெளிவரவில்லை. எந்த மொழியை நம்பி முப்பது ஆண்டு பிழைத்தாரோ, அந்த மொழியின் சினிமாவே அவருடைய அறுபதாவது வயதை ஒட்டி இல்லாமல் போனது.

ஹான்

1973 தொடக்கத்தில் ஹாங்காங்கில் ‘என்டர் தி டிராகன்’ படப்பிடிப்பு. ராபர்ட் கிளவுஸ் இயக்கம், வார்னர் நிறுவனத்தோடு கூட்டு, ஏறத்தாழ 8,50,000 டாலர் செலவு. புரூஸ் லீக்கு எதிரே தீவின் அதிபதி ஹானாக ஷெக் கின். லீக்கு வயது 32, இவருக்கு 60.

இங்கே வந்த நெருக்கடி வேறு மாதிரி. குவானோடு ஆடிய சண்டை இரண்டு ஆசான்களின் சண்டை. சம வேகம், சம இடம். லீயின் வேகத்துக்கு எதிரே அறுபது வயது உடம்பை நேராக நிறுத்தினால் ஒரு நிமிடத்தில் கதை முடிந்துவிடும். அதனால் வில்லனின் பலத்தை உடம்புக்கு வெளியே வைத்தார்கள். ஒரு கை இல்லாத மனிதன். அந்த இடத்தில் மாட்டிக்கொள்ள இரும்புக்கை, நகங்கள் கொண்ட கை, கத்திகள் கொண்ட கை. ஆயுதம் நீளத்தைக் கொடுக்கிறது. கீறினால் இரத்தம் வருகிறது, ஆகவே ஆபத்து நிஜமாகிறது. அதற்கு மேல் கண்ணாடி அறை. எதிரி எங்கே இருக்கிறான் என்று தெரியாதவரை லீயின் வேகத்துக்கு மதிப்பில்லை. கிழவனுக்கும் இளைஞனுக்கும் இடையிலிருந்த தூரத்தை அந்த அறை சமன் செய்துவிடுகிறது. லீ கண்ணாடிகளை உடைக்கத் தொடங்கியதும் சமன் குலைகிறது, ஹான் தன் ஈட்டியிலேயே குத்துண்டு சாகிறான்.

கழுகு நகம் பயின்றவர் கையில் இரும்பு நகம் மாட்டியிருப்பதைக் கவனித்துப் பாருங்கள். விரல் இல்லாத கருவிக்கு அவர் மணிக்கட்டிலிருந்து உயிர் கொடுக்கிறார். வீச்சின் கடைசியில் மணிக்கட்டு ஒரு சிறு திருகு போடும். கிழிப்பது அந்தத் திருகுதான்.

குரல் மட்டும் அவருடையது அல்ல. அவருக்கு ஆங்கிலம் வராது. ஹானின் வசனத்தை கீ லூக் பேசினார். குவாங்சோவில் பிறந்து அமெரிக்காவில் வளர்ந்த கீ லூக், 1930-களிலிருந்து ஹாலிவுட்டில் துணை வேடங்களில் நடித்தவர். சார்லி சான் படங்களில் மூத்த மகன் அவர்தான். கன்டோனீஸ் மண்ணில் வேர் கொண்ட இரண்டு துணை நடிகர்கள், ஒருவர் உடம்பும் ஒருவர் குரலுமாகச் சேர்ந்து ஹானை உருவாக்கினார்கள். உலகம் ஷெக் கின்னை அறிந்தது இந்த ஒரு படத்தால். அந்த உலகம் அவருடைய சொந்தக் குரலையும், ஹாங்காங் முழுவதும் பழகிப்போன அந்தச் சிரிப்பையும் கேட்கவே இல்லை. இதை நினைக்கும்போதெல்லாம் மனம் கனக்கிறது. படம் வெளிவருமுன் 1973 ஜூலை 20 அன்று லீ இறந்துபோனார். 2004-இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் பாதுகாக்க வேண்டிய படங்களின் பட்டியலில் இதைச் சேர்த்தது.

பட்டப்பெயரின் வட்டி

1973 கடைசியில் கன்டோனீஸ் படங்கள் திரும்பி வரத் தொடங்கின. புதிய இயக்குநர்கள் சிறுவயதில் வோங் ஃபெய்-ஹுங் படம் பார்த்து வளர்ந்தவர்கள். அவர்களுக்கு ஷெக் கின் ஒரு நினைவு. நினைவை வைத்து விளையாடலாம். 1976-இல் மைக்கேல் ஹூயின் நகைச்சுவைப் படத்தில், சினிமா தியேட்டரையே மடக்கிப் பார்வையாளர்களைக் கொள்ளையடிக்கும் கும்பலின் தலைவன் அவர். தியேட்டரில் உட்கார்ந்திருப்பவர்களைத் திரையில் ‘கான் யான் கின்’ வழிப்பறி செய்கிறார். அந்தக் கூட்டத்துக்கு இதைவிட விளக்கம் தேவைப்படவில்லை.

1980-இல் ஜாக்கி சானின் ‘தி யங் மாஸ்டர்’. அதில் அவர் காவல் தலைவர், நேர்மையானவர், குற்றவாளி என்று தவறாக எண்ணி நாயகனைத் துரத்துகிறார். முப்பது ஆண்டாகக் கெட்டவனாக இருந்த முகம் சட்டத்தின் பக்கம் நிற்கும்போது, ரசிகன் ஓரக்கண்ணால் சந்தேகத்தோடு பார்த்துக்கொண்டே இருப்பான். நல்ல வேடத்துக்கே ஒரு பதற்றம் கூடுகிறது. வேறு எந்த நடிகரைப் போட்டாலும் இது கிடைத்திருக்காது. இதற்கிடையே டிவிபி தொடர்களில் பெரியவர், தாத்தா, ஆசான் என்று இடைவிடாத வேலை. எந்தத் தொலைக்காட்சி பழைய சினிமாவைச் சாய்த்ததோ, அதே தொலைக்காட்சி பழைய சினிமாவின் ஆட்களுக்கு மாதச் சம்பளமும் கொடுத்தது. 1994-இல் ஓய்வு பெற்றார். 2003-இல் ஹாங்காங் திரைப்பட விருது விழாவில் அவருடைய தொழில் சாதனைக்கு விருது வழங்கினார்கள். 2009 ஜூன் 3 அன்று, 96 வயதில் காலமானார்.

பார்க்க விரும்புகிறவர்களுக்கு

அவர் நடித்த படங்கள் பல நூறு. எல்லாம் கிடைக்காது. போருக்கு முந்தைய கன்டோனீஸ் படங்கள் பெரும்பாலும் அழிந்துவிட்டன. 1950-களின் வோங் ஃபெய்-ஹுங் படங்களிலும் தொலைந்தவை உண்டு. ஹாங்காங் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு சாய் வான் ஹோவில் சொந்தக் கட்டடம் திறந்தது 2001-இல்தான்; அதற்குள் எத்தனையோ பிரிண்டுகள் ஈரத்திலும் வெப்பத்திலும் வீணாகிவிட்டன. ஏழு நாளில் எடுத்து ஒரு வாரம் ஓட்டிய படத்தை யாரும் பத்திரப்படுத்த நினைக்கவில்லை.

கிடைப்பதில் 1950-களின் படம் ஒன்றையும் 1967-க்குப் பிந்தைய ஒன்றையும் அடுத்தடுத்துப் பாருங்கள். கடைசிச் சண்டையில் தொடங்க வேண்டாம். குரு நின்று நீதி சொல்லும் நீண்ட காட்சி ஒன்று எப்படியும் இருக்கும். பேசுகிறவரை விட்டுவிட்டு, கேட்டுக்கொண்டிருக்கும் ஷெக் கின்னைப் பாருங்கள். கேலியாகத் தொடங்கும் பார்வை, ஏதோ ஒரு சொல்லில் ஒரு கணம் தடுமாறும். உடனே சுதாரித்துக்கொள்வார். அரை மணி நேரம் கழித்து அவன் மண்டியிட்டு மன்னிப்புக் கேட்கும்போது, அந்தத் தடுமாற்றம் நினைவுக்கு வரும்.